கொட்டாவி ராஜாவின் மாதங்கள்

பூனைநடை மாதம், மறுஞாயிறு
(உன் கணக்கில் மார்ச் 4)

அன்புள்ள அக்காவுக்கு,

நலமா? தேதியைப் பார்த்ததும் சிரித்திருப்பாய். சின்ன வயதில் நாம் கட்டிலுக்கு அடியில் உண்டாக்கிய குமிழ்நாட்டுக்கு இப்போது வேலை வந்திருக்கிறது. எங்கள் கம்பெனி செய்யும் கணினி விளையாட்டில் ஒரு மாய உலகம். அதற்கு நாட்காட்டி வேண்டும் என்றார்கள். நம்முடையதைக் கொடுத்துவிட்டேன். பூனைநடை, ஈரச்சட்டை, சாவித்துவாரம் என்று மாதப் பெயர்களைக் கேட்டு எல்லாரும் கைதட்டினார்கள். ஞாயிறுக்கு அடுத்தது மறுஞாயிறு என்றதும் மேலாளர் எழுந்தே நின்றுவிட்டார்.

சிக்கல் என்னவென்றால், சட்டைப்பெட்டி அட்டைகளில் நீ எழுதிய மாதங்களில் ஒரு கணக்கும் பிடிபடவில்லை. ஒரு மாதம் அனுமார் வாலாக நீள்கிறது. அடுத்தது கண்ணை மூடித் திறப்பதற்குள் முடிகிறது. சாவித்துவாரம் முடிந்த மறுநாள் மறுபடியும் சாவித்துவாரம்! "ராஜா கொட்டாவி விட்டாத்தான் மாசம் முடியும்" என்பாய். அவர் எப்போது விடுவார் என்று எனக்குச் சொன்னதேயில்லை. இருபதாம் தேதிக்குள் விதியைக் கொடுக்காவிட்டால் எல்லா மாதத்தையும் சமமாக வெட்டிவிடுவார்களாம்.

அந்த நாட்காட்டியை மதித்த ஒரே பெரிய மனிதர் அப்பாதான். லாரி எங்கே போயிருந்தாலும் மாதம் முடிகிற அன்று டாண் என்று வந்து நிற்பார். நானும் ஒரு அப்பா! வேலைக்காக வேறு ஊரில் உட்கார்ந்துகொண்டு, சனிக்கிழமை வருகிறேன் என்று மகளிடம் சொல்லிவிட்டுப் போகாமல் இருக்கிறேன். இப்போதெல்லாம் அவள் போனில் பேச வருவதில்லை.

உன்னிடம் போனில் கேட்டால் சிரித்து மழுப்பிவிடுவாய். அதனால்தான் கடிதம்.

அன்புடன்,
தம்பி


மார்ச் 9

அன்புள்ள முட்டைக்கண்ணனுக்கு,

அக்கா ஆசீர்வாதம். மூன்று மாதமாக எட்டிப் பார்க்காதவனுக்குக் கொட்டாவி ராஜா புண்ணியத்தில் என் ஞாபகம் வந்ததே, சந்தோஷம். நான் நன்றாக இருக்கிறேன். முழங்கால்தான் அவ்வப்போது மக்கர் பண்ணுகிறது. பேருந்து பணிமனையில் என்னை மாடி அறைக்கு மாற்றிவிட்டார்கள். லிஃப்ட் உண்டு, அது நகராது.

ராஜாவுக்குத் தூக்கம் வந்தால் கொட்டாவி விடுவார். இதில் என்னடா விதி? சமமாகவே வெட்டட்டும், ஒன்றும் குடிமுழுகிப் போகாது. அப்பாவோடு உன்னை ஒப்பிட்டுப் பார்ப்பதை மட்டும் விட்டுவிடு. வேளைக்குச் சாப்பிடு.

அக்கா


மார்ச் 13

அக்கா,

உனக்குக் குடிமுழுகாது. எனக்கு அந்த வீட்டில் ஆசையாக நினைத்துப் பார்க்க இருப்பது அது ஒன்றுதான். ராஜா கொட்டாவி விட்டுட்டார் என்று நீ கத்தியதும் நான் கட்டிலுக்கு அடியிலிருந்து வெளியே பாய்வேன். சற்று நேரத்தில் அப்பாவின் செருப்புச் சத்தம் படியில் கேட்கும். அதைவிடப் பெரிய சந்தோஷம் எனக்குப் பிறகு வாய்க்கவே இல்லை.

நேற்று மகளுக்குப் பிறந்தநாள். போகவில்லை. அவள் அம்மா சொன்னாள்: "இனிமே வர்ற தேதியைச் சொல்லாதீங்க. நீங்க சொல்லிட்டா அவ சாப்பிடாமகூட வாசல்லயே போய் உக்காந்துக்கறா." லாரி ஓட்டியவர் ஒரு மாதமும் தவறவில்லை. எனக்கு ரயிலேறத் துப்பில்லை. இப்படி ஆசை காட்டி ஏமாற்றுவதைவிட ஒரேயடியாகப் போகாமலே இருந்துவிடலாம் என்று முடிவு செய்துவிட்டேன். குழந்தை சீக்கிரம் மறந்துவிடும்.

தம்பி


மார்ச் 17

அன்புள்ள தம்பிக்கு,

உன் கடிதத்தை இரண்டு முறை படித்தேன். இதைச் சொல்லவே கூடாது என்றிருந்தேன். இனி சொல்லாமல் இருந்தால் ஒரு குழந்தை அப்பாவை இழந்துவிடும்.

நம் அப்பா கெட்டவர் இல்லை. நாள் கணக்குத் தெரியாத மனிதர். "பத்து நாள்ல வந்துடறேன்டா" என்று உன் தலையைத் தடவிவிட்டுப் போவார். பள்ளிக்கூடத்தில் ஒரு பரீட்சை முடிந்து அடுத்தது வந்துவிடும், அவர் வந்திருக்க மாட்டார். நீ சாயங்காலமானால் அழுவாய். அம்மா தையல் மிஷினிலிருந்து தலையைத் தூக்க மாட்டாள். அதனால்தான் குமிழ்நாடு. "அப்பா மாசக் கடைசியில வந்துடுவார்" என்று சொல்லிவிடுவேன், அவர் வரும்வரை மாதத்தை முடிக்க மாட்டேன். மாடிப்படி ஜன்னலில் நின்றால் தெருமுனையில் லாரி திரும்புவது தெரியும். அவர் அதை நிறுத்திப் பூட்டிவிட்டு வருவதற்குள் உன்னிடம் ஓடி வந்து கத்துவேன். ராஜாவின் கொட்டாவி அவ்வளவுதான்.

ஒருமுறை அதே நீல நிறத்தில் வேறு யாருடைய லாரியோ திரும்பியது. அவசரப்பட்டுக் கத்திவிட்டேன். நீ தலை வாரிக்கொண்டு கதவருகே நின்றாய், யாரும் வரவில்லை. ராஜா பாதிக் கொட்டாவிதான் விட்டார் என்று சமாளித்து, மறுநாள் சாவித்துவாரத்தை மறுபடி தொடங்கினேன்.

அதனால் இல்லாத ஒரு மனிதரோடு உன்னை ஒப்பிட்டு அழாதே. தாமதமானால் தாமதம் என்று சொல், ஆனால் போ. அவள் வாசலில் உட்காருகிறாள் என்றால் இன்னும் உன்னை விடவில்லை என்றுதான் அர்த்தம்.

அக்கா


மார்ச் 25

அன்புள்ள அக்காவுக்கு,

போய் வந்தேன். முதல் நாள் முழுக்க முகத்தைத் திருப்பிக்கொண்டே இருந்தாள். "நீ பொய் சொல்ற அப்பா" என்றாள். ஆமாம் என்றேன். இரண்டாம் நாள் என் சட்டைப் பையில் கைவிட்டுச் சில்லறையை எடுத்துக்கொண்டாள். வேலையை அந்த ஊருக்கே மாற்றித் தரும்படி மேலாளரிடம் கேட்டிருக்கிறேன். சம்பளம் குறையும், குறையட்டும்.

விதியை அவரிடம் சொல்லவில்லை. மாதங்களைச் சமமாக வெட்டிவிட்டார்கள். நிரல் எழுதுகிறவர்களுக்கு ஏக சந்தோஷம்.

உன் மேல் கோபம் வருமா என்று பார்த்தேன், வரவில்லை. எத்தனை வயதானாலும் அப்பா எனக்குச் சொன்ன நாளில் வந்தவர்தான், அதை இனி யாராலும் மாற்ற முடியாது. நான் கட்டிலுக்கு அடியில் நிம்மதியாகத் தூங்கியிருக்கிறேன். ஆனால் ரயிலில் வரும்போது ஒன்று தோன்றியது. அப்போது நீயும் சின்னப் பெண்தானே அக்கா? ஜன்னலில் நின்ற உன்னிடம் வந்து, அப்பா வந்துவிடுவார் என்று யார் சொன்னார்கள்?

தம்பி