அப்பா போட்ட ஜேர்சி

குருநகர்,
தை மாதம்.

அன்பு மகன் றஞ்சித்துக்கு,

மாதாவின் கிருபையால் நானும் அப்பாவும் தங்கச்சி ஜெசிதாவும் சுகம், ரொறன்ரோக் குளிரில் நீயும் மருமகளும் பிள்ளைகளும் அப்படியே இருக்க வேண்டுமென்று அன்றாடம் செபமாலை சொல்கிறேன். போன் எடுத்தால் வெட்டுகிறாய், வட்சப் குழுவிலிருந்தும் விலகிவிட்டாய், அதனால்தான் எழுதுகிறேன், கடிதத்தை வெட்ட ஏலாதே.

அந்தப் படத்தைப் பற்றி முதலில் சொல்லிவிடுகிறேன். நீ அனுப்பிய கனடா ஜேர்சியும் தம்பி கொலின்ஸ் அனுப்பிய அமெரிக்கா ஜேர்சியும் அலுமாரியில் ஒன்றாகத்தான் கிடந்தன. அன்று நல்ல வாடைக்காற்று, மேலே கிடந்த அமெரிக்கா ஜேர்சியை இழுத்துப் போட்டுக்கொண்டு அப்பா கடலுக்குப் போனார். கரைக்கு வந்ததும் ஜெசிதா படம் எடுத்துக் குழுவில் போட்டாள். ஐஸ் ஹொக்கியில் கனடா அமெரிக்காவிடம் தோற்ற நாள் அது என்று எங்களில் யாருக்குத் தெரியும்? ஐஸ் என்றால் மீன்பெட்டிக்குள் போடுவது என்று இருக்கிற மனுசன் அவர். கொலின்ஸ் அதைப் பார்த்து, "அப்பாவும் எங்கடை பக்கம்தான் அண்ணை" என்று பகிடி விட, நீ "தங்கச்சியின்ரை கலியாணத்துக்கு நீ வந்தால் நான் வரமாட்டன்" என்று எழுதிவிட்டாய்.

உன் கோபம் எனக்குக் கொஞ்சம் விளங்குகிறது மகன். போன புதிதில் வேலையிடத்தில் ஒருவரும் உன்னோடு கதைப்பதில்லை என்று அழுதாய். அவர்களோடு இருந்து ஹொக்கி பார்த்துக் கத்தத் தொடங்கிய பிறகுதான், நானும் இந்த நாட்டு ஆள் என்று நினைத்தேன் என்றாய். கொலின்ஸும் அமெரிக்காவில் அப்படித்தான் ஒட்டியிருப்பான். எங்களுக்கு ஒரு நாட்டுக்காக வாய்விட்டுக் கத்தக் கொடுத்து வைக்கவில்லை. உங்களுக்குக் கிடைத்தது, ஆனால் ஆளுக்கொரு நாடாகக் கிடைத்துவிட்டதே என்றுதான் மனம் வேகிறது. சண்டைக் காலத்தில் பங்கர்க் குழிக்குள் ஒரே சாரத்தைப் போர்த்திக்கொண்டு படுத்த பிள்ளைகள் நீங்கள்.

உயிர்த்த ஞாயிறு கழிந்தால் கலியாணம், அண்ணன்மார் இருவரும் வராமல் கோயில் படி ஏற மாட்டேன் என்று ஜெசிதா அழுகிறாள். நீ மூத்தவன், தம்பிக்கு நீயே முதலில் போன் எடு. குளிருக்குத் தலையை மூடிக்கொண்டு வேலைக்குப் போ.

அப்பா ஒரே ஒருமுறை, "எவன்ரையைப் போட்டாலும் மற்றவனுக்கு நோகும்" என்றுவிட்டு இரண்டு ஜேர்சியையும் மடித்து உள்ளே வைத்தார். இப்போது இந்த வாடையிலும் வெறும் பெனியனோடுதான் கடலுக்குப் போகிறார், இருமலும் தொடங்கிவிட்டது.

மாதா உங்கள் இருவரையும் ஒரே கையால் ஆசீர்வதிக்கட்டும். தம்பியின் நம்பர் மாறவில்லை.

உன் அம்மா,
யோசப்பின்