மேல் நரம்பு மெல்லியது

ஆம்பூர்,
ஞாயிற்றுக்கிழமை.

திருப்பூரில் இருக்கும் மகன் நவநீதனுக்கு,

உன் நைனா நானே என் கையால் எழுதுகிறேன். நீ நம்ப மாட்டாய். பெரியவர்களுக்கு எழுத்துச் சொல்லித்தரும் கற்போர் மையத்தில் நிஷா டீச்சர் ஐந்து மாதம் சொல்லிக்கொடுத்தார். ‘ழ’ போடும்போது என் நாக்கு வெளியே வந்துவிடுகிறதாம், உன் அம்மா சிரிக்கிறாள். சிரிக்கட்டும். எனக்கு அவ்வளவு சந்தோஷம்.

அம்மாவுக்குக் கால் வீக்கம் கம்மி. நீ அவளிடம் போனில் பேசுகிறாய். நான் வாங்கினால் வைத்துவிடுகிறாய். ஒன்றரை வருடம் ஆகிறது. அதனால்தான் எழுதப் படித்தேன். கிழிப்பதானாலும் பாதி படித்துவிட்டுக் கிழி.

இதோடு ஒரு யுகுலேலே அனுப்புகிறேன். சின்ன கிட்டார் மாதிரி, நான்கே நைலான் நரம்பு. உன்னோடு கல்யாணக் கச்சேரிகளில் கீபோர்டு வாசித்த ஆபித் பாஷா வாணியம்பாடியில் கடை வைத்திருக்கிறார், அவரிடம் வாங்கினேன். உன் கிட்டாரில் மேலிருந்து கீழே வர வரக் கம்பி மெலியும். இதிலோ மேல் நரம்பு மெல்லியது, இரண்டாவது தடி. முப்பது வருடம் தோல் ஷெட்டில் விரலால் தடவியே தடிமன் சொன்னவன் நான். மாற்றி மாட்டிவிட்டார்கள் என்று இரண்டையும் கழற்றி இடம் மாற்றினேன். பழைய சத்தம் வரட்டும் என்று முறுக்கியதில் தடி நரம்பு அறுந்து முகத்தில் அடித்தது. இன்னா நைனா, நரம்புக்கும் கிரேடு போட்டுட்டியா என்று சிரித்துக்கொண்டே ஆபித் வேறு மாட்டித் தந்தார்.

அவர் சொன்னது இது. கிட்டாரின் கீழ் நான்கு கம்பிகளை ஐந்தாவது ஃப்ரெட்டில், அதாவது கழுத்தின் ஐந்தாவது கட்டத்தில், அழுத்தினால் ஜி, சி, இ, ஏ வரும். அதுதான் இதன் சுருதி. மேல் ஜி மட்டும் ஒரு ஸ்தாயி ஏறி நிற்கும். நீ பழகிய பிடிகளே போதும், பெயர்தான் மாறும். கிட்டாரில் ஏ மைனருக்கு மூன்று விரல் வேண்டும். இதில் ஒன்று போதும். சி-க்கும் ஒன்று. எஃப்-க்கு இரண்டு. உனக்கு மிஞ்சியது அவ்வளவுதானே.

மெஷின் தின்ற விரலை இதில் தேடுகிறாயா என்று அம்மா கேட்டாள்.

அன்று ராணிப்பேட்டைக் கச்சேரி முடிந்து விடியலில் வந்து படுத்தாய். கண் எரிகிறது, லீவு போடுகிறேன் என்றாய். தண்ணீர் தெளித்து எழுப்பினேன். பாட்டுப் பாடினால் கம்பெனி காத்திருக்குமா என்று துரத்தினேன். பத்து மணிக்குக் கட்டிங் மெஷினில் உன் இடது கை. சேதி வந்ததும் நான் முதலில் கேட்டது, வேலை போய்விடுமா என்றுதான். ஆஸ்பத்திரியில் யாரோ உன்னிடம் சொன்னார்களாம். பொய் இல்லை. அப்படித்தான் கேட்டேன்.

வா என்று கூப்பிட எனக்கு முகம் இல்லை. பிடிக்காவிட்டால் இதை உடைத்துப் போடு. என்னைத் திட்டியாவது நான்கு வரி எழுது. அம்மா காதில் விழக்கூடாததையும் எழுது. ஒரு வார்த்தை குறைக்காதே, தாங்கிக்கொள்வேன்.

வேளைக்குச் சாப்பிடு. நீ நல்லா இருக்கணும், கண்ணு.

உன் நைனா,
கங்காதரன்