பதினோராவது பெயர்

12 ஜூன் 2024, புதன்

அரை நாள் விடுப்பு கேட்டேன். "மறுபடியும் பேங்க் மேட்டரா சார்?" என்றான் வசந்த். நான் வேலை கற்றுக்கொடுத்தவன், இப்போது என் மேலதிகாரி. அந்த 'சார்' கிண்டல் என்று எனக்குப் புரியும். மறக்க மாட்டேன்.

காஞ்சிபுரம், கூட்டுறவுத் துணைப் பதிவாளர் அலுவலகம். அப்பா பயிர்க்கடனுக்கு வைத்த நிலப் பத்திரத்தை ஊர்க் கூட்டுறவு வங்கி முப்பது நாளில் திருப்பித் தர வேண்டும் என்று நடுவர் தீர்ப்பு வந்து பதினான்கு மாதம். கடன் அடைந்து ஐந்து வருடம். வங்கிச் செயலாளர் வரதராஜன் இன்னும் "தேடிக்கினு கீறோம் சார்" என்கிறான். மூலப் பத்திரம் இல்லாமல் பாகப்பிரிவினை பதிவாகாது. லீலாவுக்குப் பாதி எழுதித்தர முடியாது. கூடப் பிறந்தவள், பத்திரத்தை நான்தான் ஒளித்து வைத்திருப்பதாகச் சொல்கிறாள். மூன்று வருடமாகப் பேச்சில்லை.

தீர்ப்பை நிறைவேற்ற ஒரு அலுவலரைப் போட்டிருக்கிறார்கள். பெயர் காந்திமதி. நாற்பது வயது இருக்காது. "தீர்ப்ப முழுசா படிச்சிட்டேன் சார். அடுத்த வெள்ளிக்கிழம பேங்குக்கு வரேன், நீங்களும் வந்துடுங்க."

முழுதாகப் படித்த முதல் ஆள். ஆனாலும் நம்பவில்லை.

21 ஜூன், வெள்ளி

வந்தார்! சுங்குவார்சத்திரத்தில் பஸ்ஸை விட்டு இறங்கி, வெயிலில் நடந்தே.

"மேடம், ஜூஸ் சொல்லட்டா?" என்றான் வரதராஜன்.

"தண்ணி பையில இருக்கு சார். பெட்டகத்தத் திறங்க."

"ரெண்டாவது சாவி கேஷியர்கிட்ட கீது. அவரு இன்னிக்கு லீவு."

"வரச் சொல்லுங்க. உக்காந்திருக்கேன்."

மூன்று மணி நேரம் உட்கார்ந்திருந்தார். சும்மா இல்லை. தபால் பதிவேடுகளைக் கேட்டு வாங்கி, பக்கம் பக்கமாகப் புரட்டினார். கடைசியில் இருங்காட்டுக்கோட்டையிலிருந்து கேஷியர் பிச்சையா வந்தார், திருநெல்வேலிக்காரர். "லீவு நாள்ல இப்பிடிப் பாடாப் படுத்துதீயளே மேடம்" என்று முனகியபடியே திறந்தார். நாற்பத்தொரு பத்திரங்கள். காந்திமதி ஒவ்வொன்றையும் சாட்சிகள் முன்னால் பட்டியலில் எழுதினார். டீக்கடைக்காரர் ஒரு சாட்சி.

என்னுடையது இல்லை.

கத்திவிட்டேன். "எவன்கிட்டடா வித்த? சொல்றா!" வரதராஜன் எழுந்து நின்றான். அடித்திருப்பானோ, நான் அடித்திருப்பேனோ.

"சார், உக்காருங்க. இல்லன்னு எழுதறதும் வேலதான்" என்றார் காந்திமதி, தலை நிமிராமல்.

இப்படி ஒருவர் அந்த அலுவலகத்தில் இருக்கிறார் என்று யாராவது சொல்லியிருந்தால் சிரித்திருப்பேன்.

22 ஜூன், சனி

லீலாவைக் கூப்பிடலாமா? என்னவென்று சொல்ல? கூப்பிடவில்லை.

2 ஜூலை, செவ்வாய்

இதை எழுதவே கை வரவில்லை.

காந்திமதி வரச் சொல்லியிருந்தார். 2018ஆம் வருடத் தபால் பதிவேட்டில் ஒரு வரி: பதினோரு பத்திரங்கள் நில எடுப்பு அலுவலகத்துக்கு அனுப்பப்பட்டன. அதில் அப்பா பெயர். "பாத்தீங்களா மேடம்! எங்க நிலத்த எடுக்கவே இல்ல. அந்த ஆளு வேணும்னே—"

அவர் ஒரு தாளை என் பக்கம் நகர்த்தினார். மனு. என் கையெழுத்து.

தொழிற்பூங்காவுக்கு நிலம் எடுக்கப் போவதாக அறிவிப்பு வந்த வருடம் அது. படித்தவன் என்று ஊரே என்னிடம் வந்தது. பத்திரங்களை நேராக அங்கே அனுப்பிவிடும்படி வங்கிக்கு மனு எழுதினேன். பத்துக் குடும்பம். நம்முடையதும் எப்படியும் போய்விடும் என்று பதினோராவதாக அப்பா பெயரை நானே சேர்த்திருக்கிறேன். எங்கள் நிலம் தப்பியது. பத்திரம் அங்கேயே தங்கிவிட்டது.

மறந்துவிட்டேன். வரதராஜனைத் திட்டிய இத்தனை வருடத்தில் ஒரு நாள்கூடவா நினைவு வரவில்லை? வரவில்லை. அதுதான் பயமாக இருக்கிறது.

"என் தப்பு மேடம்."

"யார் தப்புன்னு தீர்ப்புல கேக்கல சார். பத்திரத்தக் குடுக்கணும்னுதான் இருக்கு. அனுப்பினா திரும்பக் கேட்டு வாங்கணும், அது பேங்கு வேல. வியாழக்கிழம செயலாளரையும் கூட்டிகிட்டு நேர்லயே போலாம்."

இருபத்தேழு வருடமாகத் தரப் பரிசோதனை செய்கிறேன். ஒரு பழுதைப் பார்த்ததும் யார் செய்தது என்று கேட்காமல் இருந்ததில்லை. இவர் கேட்கவே இல்லை.

4 ஜூலை, வியாழன்

"அந்த ஃபைல் குளோஸ் ஆயிடுச்சு மேடம்" என்றார் நில எடுப்பு அலுவலக எழுத்தர்.

"குளோஸ் ஆன ஃபைல்தான் வேணும்" என்றார் காந்திமதி.

ஒன்றரை மணி நேரத்தில் கிடைத்தது. தீர்ப்பில் உள்ளபடியே வரதராஜன் கையால் என்னிடம் கொடுக்கச் சொல்லி, 'நிறைவேற்றப்பட்டது' என்று எழுதித் தேதி போட்டார். அடுத்த வழக்கு மறைமலை நகரில் என்று பஸ் ஏறிவிட்டார். நன்றி சொல்ல நேரம் தரவில்லை.

"இனிமேயாச்சும் என்னத் திட்டாம இருப்பியா வாத்யாரே?" என்றார் வரதராஜன். மன்னிப்புக் கேட்க வாய் திறந்தேன். "டீ சாப்டலாமா?" என்றுதான் வந்தது.

7 ஜூலை, ஞாயிறு

லீலா வீட்டுக்குப் போனேன். பாதிக் கதவைத் திறந்து, "இன்னா?" என்றாள். பத்திரத்தை நீட்டினேன்.

"எவன் வச்சிருந்தான் இத்தினி நாளு?"

வங்கி என்று சொல்லியிருக்கலாம். காந்திமதி எழுதிய எதிலும் என் தவறு இல்லை. லீலாவுக்குத் தெரியவே போவதில்லை. மனுவின் நகலை எடுத்துக் கொடுத்தேன்.

நின்றபடியே படித்தாள். இரண்டாவது முறையும் படித்தாள். பிறகு கதவை முழுதாகத் திறந்தாள்.

"பாகப் பத்திரத்த நான் ஆள வச்சு எழுதிக்கறேன். நீ பேனாவையே தொடாத. கையெழுத்து மட்டும் போடு, போதும்" என்றாள்.

சரி என்றேன்.