சத்திரத்துச் சுவரில் எஸ்டோனியா வாத்தியார்

4 ஜூலை 1991, வியாழன்

இரண்டாம் அத்தியாயம் முடிந்துவிட்டது! சாயங்காலம் வேங்கிக்காலிலிருந்து சைக்கிளை மிதித்த மிதியில் இரண்டு முறை செயின் கழன்றது. அடி அண்ணாமலை வகுப்புப் பெண்களுக்குச் சுடச்சுட வாசித்துக் காட்ட வேண்டுமே. போன மாதம்தான் எழுத்துக் கூட்டப் பழகினவர்கள். அவர்களே படிக்கிற மாதிரி ஒரு புத்தகம் எழுதுகிறேன். நூறு வருஷத்துக்கு முன்னால், எஸ்டோனியா என்ற குட்டி நாட்டில், பெரிய மனிதர்களோடு மோதி வாத்தியார் வேலையை விட்டவர். குடியானவர்களுக்காகப் பாடப்புத்தகம் எழுதி, பத்திரிகையும் நடத்தியவர். அவர் கதை.

பனி கொட்டுவதை ஒரு பக்கம் வர்ணித்திருந்தேன். பௌர்ணமிக்குச் சுக்குக் காபி விற்கும் ராஜம்மாள் கொட்டாவி விட்டாள். "பனி இருக்கட்டும் டீச்சர். அந்தாளு இன்னா பண்ணாரு, அத்த சொல்லுங்க."

ஒரு பக்கம் போச்சு. போய்த் தொலையட்டும்.

12 ஜூலை

பனியை வெட்டிவிட்டேன். கதை ஓடுகிறது!

19 ஜூலை

குடியானவர்களே ஊர்ச் சங்கதியைப் பத்திரிகைக்கு எழுதிப் போட்டார்கள் என்று வாசித்தேன். அரசாங்கம் பத்திரிகையை நிறுத்திவைத்த இடத்தில் வேண்டுமென்றே முடித்தேன். அடுத்த வாரம் ஓடி வருவார்கள் அல்லவா!

கடைசி பெஞ்சு ஜோதியம்மாள் பெருமூச்சு விட்டாள். "நாம எழுதினா யாரு போடுவாங்க?"

"ஏன், சத்திரத்துச் செவுரு இல்ல? மலை சுத்தற சனம் அத்தினியும் படிக்குமே!" என்றாள் ராஜம்மாள்.

எழுத்தாளராம் நான். எனக்குத் தோன்றியதா இது?

26 ஜூலை, பௌர்ணமி

பாழடைந்த சத்திரம், செங்காவி, துடைப்பக் குச்சி. ராஜம்மாளே எழுதினாள்: 'எங்கள் தெருக் குழாயில் தண்ணீர் இல்லை. வேடியப்பன் தோப்பில் இருக்கிறது.'

கூட்டம் நின்று நின்று படித்தது. மெட்ராஸ்காரர் ஒருவர் கேட்டார், "யாரும்மா அந்த வேடியப்பன்?" ராஜம்மாள் கையை நீட்டினாள். எதிர்ப் பந்தலில் சாம்பார் சாதக் கரண்டியும் கையுமாக அன்னதானம் செய்துகொண்டிருந்தார் ஊர்ப் பெரிய மனுஷன்!

சிரித்துச் சிரித்து வயிறு வலிக்கிறது.

27 ஜூலை

சுவர் வெள்ளை வெளேரென்று இருக்கிறது. வேடியப்பன் ஆள் விட்டுச் சுண்ணாம்பு அடித்துவிட்டார். வகுப்புக்கு ஒருத்தியும் வரவில்லை. ஜோதியம்மாள் வீட்டுக்காரர் வாசலிலேயே நிறுத்திக் கேட்டார்: "படிக்கத்தான அனுப்பனோம்? வம்பு வாங்கவா?"

எல்லாம் போச்சா? நான் பாட்டுக்குப் புத்தகத்தில் புரட்சி பண்ணுவேன், திட்டு வாங்குவது அவர்களா?

10 ஆகஸ்ட்

இன்றும் காலி பெஞ்சுதான். எழுத உட்கார்ந்தால் கை ஓடவில்லை.

22 ஆகஸ்ட்

பேப்பரில் எஸ்டோனியா! சுதந்திரம் அறிவித்துவிட்டார்களாம்! டீக்கடை என்றுகூடப் பார்க்காமல் கத்திவிட்டேன். பேப்பரோடு நேராக ராஜம்மாள் வீடு. தலைப்பை அவளே கூட்டிக் கூட்டிப் படித்தாள். "எஸ்... டோ... னியா. ஐயே, நம்ம வாத்தியாரு ஊரு!" பிறகு குரலைத் தாழ்த்தி, "அவரு பத்திரிகைய நிறுத்துனாங்களே, அப்புறம் இன்னாச்சி டீச்சர்?"

"எட்டு மாசம் கழிச்சி மறுபடி வந்துச்சு."

ராஜம்மாள் சுக்கை இடித்துக்கொண்டிருந்தாள்.

25 ஆகஸ்ட், பௌர்ணமி

சத்திரத்தை நெருங்கும்போதே கூட்டம். வகுப்புப் பெண்கள் ஐந்து பேரும் அங்கே! ஜோதியம்மாள் எழுத, அவள் வீட்டுக்காரர் முகத்தை உர்ரென்று வைத்துக்கொண்டு முக்காலியைப் பிடித்திருந்தார்.

'நின்று போன பத்திரிகை மறுபடி வந்துவிட்டது. தண்ணீர் இன்னும் வரவில்லை.'

"சுண்ணாம்பு அடிச்சிக் குடுத்தாரே மகராசன், எழுத்து இன்னா எடுப்பா கீது பாருங்க!" என்றாள் ராஜம்மாள்.

அழுதேன். எழுதிவைப்பதில் என்ன வெட்கம்?

6 செப்டம்பர்

கடைசி அத்தியாயத்தோடு போனேன். வகுப்பு காலி. மறுபடியும் மிரட்டிவிட்டார்களா? தெருப் பக்கம் ஓடினேன்.

குழாயடியில் குடங்களோடு வரிசை. "இருங்க டீச்சர், ரெண்டு குடம் புடிச்சிட்டு வந்துடறோம்!"