கோமளத்தின் அம்மா

ஆகஸ்ட் 5, செவ்வாய்

ஏழரைக்கு சீரியல். கல்லூரியில் நான் பாடமாகப் படித்த பழைய நாவலைத்தான் எடுக்கிறார்கள். இன்று கதாநாயகி கோமளத்தை அவளுக்குப் பிடிக்காதவனுக்கு நிச்சயம் செய்துவிட்டார்கள். அம்மா சேலைத் தலைப்பால் மூக்கைத் துடைத்தாள். "ஆசப்பட்டவனுக்குக் கெட்டிக் குடுத்தா இவனுவளுக்கு என்ன கேடு?"

ஆகா! சிவபிரசாத்தைப் பற்றி நான் சொன்னபோது, "இந்துப் பையனா? எனக்க பொணத்தத் தாண்டிப் போ" என்ற அதே வாய். எனக்கும்தான் நிச்சயம் முடிந்துவிட்டது, குவைத்தில் இருக்கும் எட்சனோடு. எனக்காக ஒரு சொட்டுக் கண்ணீர் விட்டாளா?

ஆகஸ்ட் 10, ஞாயிறு

எங்கள் சபையில் மூன்று ஞாயிறு ஓலை வாசித்துத்தான் கல்யாணம். இன்று முதல் ஓலை. "எட்சனுக்கும் பெபிஷாவுக்கும் நடக்கவிருக்கும் இந்தத் திருமணத்துக்குத் தடை உண்டென்று அறிந்தவர்கள் தெரிவிக்கலாம்" என்றார் போதகர் ஐயர். தடை நான்தானே? எப்படிச் சொல்ல?

ஆகஸ்ட் 13

மழை. ரப்பர் பால் வெட்டு இல்லை. அப்பா வாசலை விட்டு நகரவில்லை. என் போன் அவர் பீரோவில்.

ஆகஸ்ட் 17, ஞாயிறு

இரண்டாம் ஓலை. எழும்ப நினைத்தேன், எழும்பவில்லை. சீ, என்ன பிறவி நான்!

ஆகஸ்ட் 20, புதன்

கோமளம் அழுகிறாள். கூடவே அம்மாவும். "கடைசில இவளுக்கு என்ன ஆவும்? நீ படிச்சிருக்கல்லா, சொல்லு மக்கா."

எனக்கு வந்ததே கோபம். "ஆத்துல சாடிச் சாவா."

"ஏசப்பா! யாருட்டயும் சொல்லலியா அவ?"

"அவளுக்க அம்மாட்ட சொன்னா. அம்மா கேக்கல."

அம்மா டிவியை அணைத்தாள். அடுப்பில் குழம்பு அடிபிடித்தது. அப்போதும் அவள் எழும்பவில்லை.

ஆகஸ்ட் 22, வெள்ளி

சீரியல் இன்றோடு முடிந்தது. அம்மா பார்க்கவில்லை. அந்த நேரம் முழுக்க என் கட்டிலில் வந்து உட்கார்ந்திருந்தாள். போகும்போது, "ஆத்துக்குக் குளிக்கப் போவாண்டாம், கேட்டியா" என்றாள்.

ஆகஸ்ட் 24, ஞாயிறு

மூன்றாம் ஓலை. போதகர் கேட்டார். இன்றும் என்னால் எழும்ப முடியவில்லை. தலை குனிந்து பாட்டுப் புத்தகத்தைப் பிடித்துக்கொண்டிருந்தேன்.

பக்கத்தில் பெஞ்சு அசைந்தது. அம்மா நின்றுகொண்டிருந்தாள். "ஐயரே, தடை உண்டு. எனக்க பிள்ளைக்கு இஷ்டம் இல்ல."

ஆண்கள் பக்கம் இருந்த அப்பா எழுந்து வெளியே போனார். இன்னும் வீட்டுக்கு வரவில்லை. என்ன நடக்குமோ — பயமாகத்தான் இருக்கிறது.

சாயங்காலம் அம்மா பீரோவைத் திறந்து போனை எடுத்துவந்தாள். அவளே சார்ஜில் போட்டாள்.

"கொஞ்சம் ஏறட்டு மக்கா. பொறவு அவன விளி."