ஸினோவி சிரித்த இடம்

ஒடெஸ்ஸா,
அக்டோபர் 17, 1929

அன்புள்ள நாவும்,

நானும் அம்மாவும் நலம். கீவில் குளிர் தொடங்கியிருக்கும், கழுத்துக்குக் கம்பளி கட்டிக்கொள். இதைத் தபாலில் போடப் பயமாக இருந்தது. அந்தப் பக்கம் வரும் பக்கத்து வீட்டு ஃபான்யாவிடம் கொடுத்தனுப்புகிறேன். படித்ததும் அடுப்பில் போட்டுவிடு.

நீ கேமரா பிடித்த படம் போன வாரம் துறைமுகத் தொழிலாளர் மன்றத்துக்கு வந்தது. நம் ஊர்த் தெருக்கள் என்றதும் உட்கார இடமில்லை. அம்மா படமே பார்த்ததில்லையே என்று நான்தான் கூட்டிப்போனேன். டிராம், மீன்காரிகள், ரொட்டி வரிசை எல்லாம் வந்தது. பிறகு பழைய சாமான் சந்தை. என் தம்பி ஸினோவி கழுத்தில் தட்டை மாட்டிக்கொண்டு பொத்தான் விற்கிறான். நீ கேமராவோடு வண்டிக்குள் ஒளிந்திருந்தது வேறு யாருக்கும் தெரியவில்லை. அவன் மட்டும் உன்னைக் கண்டுபிடித்துச் சிரிக்கிறான்.

நான் கையைப் பிடிப்பதற்குள் அம்மா எழுந்துவிட்டார். "பாருங்க, அது என் புள்ள. என் புள்ள ஸினோவிதான் சிரிக்கிறான்" என்று முன்னும் பின்னும் திரும்பிச் சொன்னார். திரைக்குப் பக்கத்தில் பியானோ வாசிப்பவர் அந்த நேரம் பார்த்துக் காகிதம் புரட்டிக்கொண்டிருந்தார். அரங்கம் முழுக்கக் கேட்டது. பின்னால் யாரோ, "நம்ம கிடங்குக் குமாஸ்தா அங்க கடை முதலாளியாம்ல" என்றார்கள்.

அப்பா கூலித் தையல்காரர் என்று எழுதிக்கொடுத்துத்தானே அவன் கிடங்கில் சேர்ந்தான். வியாபாரி வீட்டுப் பிள்ளை என்றால் எடுத்திருக்க மாட்டார்கள். விசாரித்ததில், அந்தப் பொத்தான்கள் அப்பா கடையில் மிஞ்சியவை என்பது இப்போது எல்லோருக்கும் தெரிந்துவிட்டது. மூன்றாம் நாள் வேலை போயிற்று, ரொட்டி ரேஷன் அட்டையும் போயிற்று. ஐந்தாம் நாள் காலை இரண்டு பேர் வந்து அவனைக் கூட்டிப்போனார்கள். நல்லவேளை, அம்மா வரிசையில் நிற்கப் போயிருந்தார். பூட்ஸ் மாட்டும்போது என்னிடம், "நாவும் மேல கோபப்படாத அக்கா. அன்னிக்கு வெயில் நல்லா இருந்துச்சு, அவன் என்ன செய்வான்" என்றான்.

எனக்குக் கோபம் இல்லை. ஆனால் கேட்காமலும் இருக்க முடியவில்லை. படச்சுருளை வெட்டி ஒட்டும் மேஜையில் அவன் முகத்தை எத்தனை தடவை பார்த்திருப்பாய்? ஒரு தடவைகூடப் பயம் வரவில்லையா?

வடக்கே முர்மான்ஸ்க் துறைமுகத்தில் வேலை கிடைத்துப் போயிருக்கிறான் என்று அம்மாவிடம் சொல்லியிருக்கிறேன். நீயும் அப்படியே எழுது. தான் எழுந்து சொன்னதுதான் காரணம் என்று அவருக்குத் தெரியவே கூடாது. அந்தப் படத்துக்கு இன்னொரு நாள் போகலாமா என்று தினமும் கேட்கிறார்.

படம் இன்னும் பல ஊருக்குப் போகுமாமே. அவனை எடுத்துவிடு, நாவும். எல்லாப் பிரதியிலிருந்தும் எடுத்துவிடு. வெட்டிய துண்டை மட்டும் எறிந்துவிடாதே. கோட்டின் உள்பையில் வைத்து வீட்டுக்குக் கொண்டுவா.

நீ பத்திரமாக இரு.

உன் மனைவி,
பெய்லா