கப்பலுக்குச் சான்று கொடுத்தவர்

அப்பாவுக்கு,

'அன்புள்ள' என்று எழுதக் கை வரவில்லை. உங்கள் மூட்டுவலி எப்படி இருக்கிறது? எனக்குக் காய்ச்சல் வந்து போய்விட்டது, அம்மாவிடம் சொல்லாதீர்கள்.

யார் தயவும் இல்லாமல் மூழ்கிய மீன்பிடிக் கப்பலைப் பற்றி மூன்று வருடம் நானே எடுத்த படத்தைக் காட்ட, இந்த வெள்ளைக்கடல் கரை ஊரின் மன்றத்தில் இடம் கேட்டேன். பொறுப்பாளர் மறுத்துவிட்டு, ஒரு மொட்டைக் கடிதத்தைக் காட்டினார். உங்கள் கையெழுத்து எனக்குத் தெரியாதா? சொந்த மகளின் படத்தை நிறுத்த நாலு பக்கம் எழுதியிருக்கிறீர்கள்.

படம் நிற்கவில்லை. அந்தக் கப்பலில் கணவனைப் பறிகொடுத்த கிளாவ்தியா, "என் வீட்டுச் சுவத்துல காட்டு. எவன் வந்து தடுக்கிறான்னு பாக்கறேன்" என்றாள். ஜன்னல்களைப் போர்வையால் மூடினோம். முப்பது பேர் நெருக்கியடித்து உட்கார்ந்து பார்த்தார்கள்.

முடிந்ததும் கிளாவ்தியா கேட்டாள்: "அந்த ஓட்டைக் கப்பல் நல்லாருக்குன்னு சான்று குடுத்த அதிகாரி இன்னும் உயிரோட இருக்கானா?"

"இருக்கார். என் அப்பாதான்."

அவள் என் கையிலிருந்த தேநீரைப் பிடுங்கி மேசைமேல் வைத்தாள்.

"அந்தாள வரச் சொல்லு. கப்பல் நல்லாருந்துச்சுன்னு என் மூஞ்சியப் பாத்து சொல்லட்டும். அதுவரைக்கும் நீயும் இந்த வாசப்படி மிதிக்காத."

அதனால் வாருங்கள். பேருந்து வியாழக்கிழமை மட்டும்தான். என் கம்பளிக் காலணியும் அம்மா போட்ட காளான் ஊறுகாயும் வேண்டும். சின்னப் புட்டி போதும், இங்கே நான் ஒருத்திதான்.

தபால் வண்டி கிளம்பப் போகிறது. நீங்கள் வராவிட்டால், அடுத்த படத்தை உங்கள் வீட்டு வாசலில் தொடங்குவேன்.

தைசியா